உயரத்தை இழந்த மலைகள்: இந்தோனேசியாவின் எரிமலைகளை எதைக் கொண்டு அளப்பது?

மலைகளைப் பற்றி எழுதுபவர்கள் பெரும்பாலும் உயரத்தில்தான் தொடங்குவார்கள். இந்தோனேசியாவுக்கும் அப்படி ஒரு வரிசை உண்டு. பப்புவாவின் புஞ்சாக் ஜயா 4,884 மீட்டர், நாட்டிலேயே உயரமானது. எரிமலைகளை மட்டும் எடுத்துக்கொண்டால் சுமாத்ராவின் கெரிஞ்சி 3,805 மீட்டர், லொம்பொக் தீவின் ரிஞ்சானி 3,726, ஜாவாவின் செமெரு 3,676. மலையேறுபவர்களுக்கு இந்த வரிசை போதும். அந்த நாட்டைப் புரிந்துகொள்ள இது உதவாது.

கெலுட் என்ற மலையைப் பாருங்கள். கிழக்கு ஜாவாவில் 1,731 மீட்டர் உயரத்தில், எந்த உயரப் பட்டியலிலும் இடம் பிடிக்காமல் நிற்கிறது. 1919-ல் ஒரே இரவில் ஐயாயிரத்துக்கும் அதிகமானவர்களைக் கொன்றது அந்தக் குள்ள மலைதான். ஜாவாவுக்கும் சுமாத்ராவுக்கும் நடுவே கடலில் நின்ற கிரகத்தவ் 813 மீட்டர்தான் இருந்தது. தோபா இன்று மலையே இல்லை, ஏரி. இந்த நாட்டில் வரலாற்றை மாற்றிய மலைகளில் பல, தங்கள் உயரத்தைத் தாங்களே அழித்துக்கொண்டவை. எவ்வளவு உயரம் என்பதைவிட எவ்வளவு இழந்தது, அதை யார் நினைவில் வைத்திருக்கிறார்கள் என்ற இரண்டும்தான் இங்கே முக்கியமான கேள்விகள் என்று நினைக்கிறேன்.

முதலில், இவ்வளவு எரிமலைகள் ஒரே நாட்டில் எப்படி வந்தன என்பதைப் பார்த்துவிடலாம். இந்தியாவையும் ஆஸ்திரேலியாவையும் சுமக்கும் நிலத்தட்டு வடக்கு நோக்கி நகர்ந்து, சுமாத்ராவுக்கும் ஜாவாவுக்கும் வெளியே கடலடியில் உள்ள நீண்ட அகழியில், இன்னொரு தட்டுக்குக் கீழே செருகிக்கொண்டு போகிறது. ஜாவாவின் பக்கம் இந்த வேகம் ஆண்டுக்கு 6 முதல் 7 சென்டிமீட்டர். கடலடிப் பாறை தன்னோடு தண்ணீரையும் கீழே கொண்டு போகிறது. ஏறக்குறைய நூறு கிலோமீட்டர் ஆழத்தில், அழுத்தத்தாலும் வெப்பத்தாலும் அந்தத் தண்ணீர் வெளியேறி மேலே உள்ள சூடான பாறைக்குள் புகுகிறது. தண்ணீர் கலந்த பாறை குறைந்த வெப்பத்திலேயே உருகிவிடும். அப்படி உருகியது மேலே ஏறி வந்து, அகழிக்கு இணையாக வரிசையாக எரிமலைகளை எழுப்புகிறது. சுமாத்ராவின் வடமுனையிலிருந்து ஜாவா, பாலி, லொம்பொக், சும்பாவா, ஃபுளோரெஸ் என்று அந்த மலைச்சங்கிலி வில்லாக வளைந்து போகிறது. அரசுக் கணக்கில் நாடு முழுவதும் 127 எரிமலைகள் உயிரோடிருப்பவை.

இந்தக் குழம்பு ஹவாயில் ஓடுவது போல இளகி ஓடாது. சிலிக்கா அதிகம், பிசுபிசுப்பும் அதிகம். உள்ளே இருக்கும் வாயு எளிதில் வெளியேற முடியாமல் அடைபட்டு நிற்கும். அழுத்தம் எல்லை மீறும்போது மலையின் தலையே போய்விடும்.

இதே வில் வடக்கே அந்தமான் கடலுக்குள்ளும் நீள்கிறது. போர்ட் பிளேருக்கு வடகிழக்கே ஏறக்குறைய 140 கிலோமீட்டரில் உள்ள பேரன் தீவு அந்தச் சங்கிலியின் ஒரு கண்ணிதான். இந்தியாவில் இன்றும் உயிரோடிருக்கும் ஒரே எரிமலை அது. நூற்றைம்பது ஆண்டுகளுக்கும் மேலாக அடங்கிக் கிடந்து 1991-ல் மறுபடி விழித்தது.

இந்தோனேசியாவின் எல்லாப் பகுதியும் இப்படி இல்லை. போர்னியோ தீவின் பெரும்பகுதியான கலிமந்தானில் உயிரோடிருக்கும் எரிமலை எதுவும் கிடையாது. புஞ்சாக் ஜயாவும் எரிமலை இல்லை. அது ஒரு காலத்தில் கடலடியில் படிந்த சுண்ணாம்புப் பாறை. ஆஸ்திரேலியத் தட்டும் பசிபிக் தட்டும் மோதியதில் நெருக்கப்பட்டு உயர்ந்தது. 1623-ல் டச்சு மாலுமி யான் கார்ஸ்டென்ஸ் கடலிலிருந்து அதன் உச்சியில் பனியைக் கண்டதாக எழுதியபோது, நிலநடுக்கோட்டுக்கு அருகில் பனியா என்று ஐரோப்பாவில் யாரும் நம்பவில்லை. உச்சியை முதலில் எட்டியது 1962-ல், ஆஸ்திரியரான ஹைன்ரிக் ஹாரரின் குழு. அந்தப் பனி இப்போது கண்முன்னே கரைந்துகொண்டிருக்கிறது. மலையின் பக்கத்திலேயே உலகின் மிகப் பெரிய தங்கச் சுரங்கங்களில் ஒன்றான கிராஸ்பெர்க் இருக்கிறது. அது தனிக்கட்டுரைக்கான கதை.

சரி, உயரத்தை இழந்தவற்றுக்கு வருவோம்.

வடக்கு சுமாத்ராவில் தோபா ஏரி 100 கிலோமீட்டர் நீளமும் 30 கிலோமீட்டர் அகலமும் கொண்டது. ஏறக்குறைய 74,000 ஆண்டுகளுக்கு முன் வெடித்த எரிமலை, உள்ளே இருந்ததையெல்லாம் கக்கியபின் வெற்றிடத்தில் இடிந்து விழுந்த பள்ளம்தான் இன்றைய ஏரி. நடுவில் உள்ள சமோசிர், பின்னர் அடியிலிருந்து மறுபடி குழம்பு தள்ளியதால் மேலெழுந்த நிலம். படாக் மக்கள் அதன்மேல் வீடு கட்டி வாழ்கிறார்கள். அன்று கிளம்பிய சாம்பல் வங்கக் கடலைத் தாண்டி இந்தியாவிலும் படிந்தது. ஆந்திராவின் கர்னூல் பக்கம் ஜ்வாலாபுரத்தில் அந்தச் சாம்பல் அடுக்கை இன்றும் வெள்ளைப் பட்டையாகப் பார்க்கலாம். 2007-ல் வெளியான ஆய்வு ஒன்று, அந்த அடுக்குக்குக் கீழேயும் மேலேயும் கிடைத்த கற்கருவிகள் ஏறக்குறைய ஒரே வகையாக இருப்பதைக் காட்டியது. தோபா மனித இனத்தையே அழிவின் விளிம்புக்குத் தள்ளியது என்ற பரபரப்பான கதை இன்னும் சுற்றிக்கொண்டிருக்கிறது. ஜ்வாலாபுரத்து மண் அந்தக் கதைக்கு ஒத்துழைக்கவில்லை.

ரிஞ்சானி மலைக்குப் பக்கத்தில் ஒரு காலத்தில் சமலாஸ் என்று இன்னொரு உச்சி இருந்தது. உயரம் 4,000 மீட்டரைத் தாண்டியிருக்கலாம் என்று கணக்கிடுகிறார்கள். 1257-ல் அது வெடித்துக் காணாமல் போனது. இன்று அங்கே ஒரு பெரிய பள்ளமும், அதற்குள் செகாரா அனாக் என்ற ஏரியும் உள்ளன. விஷயம் என்னவென்றால், இந்த வெடிப்பை உலகம் முதலில் கண்டுபிடித்தது லொம்பொக்கில் இல்லை, துருவங்களில். கிரீன்லாந்திலும் அண்டார்டிகாவிலும் துளைத்தெடுத்த பனிக்கட்டிகளில் பதின்மூன்றாம் நூற்றாண்டின் நடுவில் மிகப் பெரிய கந்தகப் படிவு இருந்தது. எந்த மலை வெடித்தது என்று மட்டும் பல பத்தாண்டுகளாகத் தெரியவில்லை. 2013-ல்தான் சமலாஸ் என்று உறுதி செய்தார்கள். அதற்குக் கைகொடுத்த சான்றுகளில் லொம்பொக்கின் பனையோலைச் சுவடிகளும் அடக்கம். பழைய ஜாவானிய மொழியில் எழுதப்பட்ட அவற்றில் மலை சரிந்ததும், பமத்தான் என்ற தலைநகரம் புதைந்ததும், மக்கள் ஓடித் தப்பியதும் இருக்கின்றன. ஊர் கதையாகச் சொல்லிவந்தது நடந்த சம்பவம் என்று துருவப்பனி சாட்சி சொன்னது. பமத்தான் இன்னும் மண்ணுக்குள்தான் இருக்கிறது. யாரும் அதைத் தோண்டிக் கண்டுபிடிக்கவில்லை.

அதற்குக் கிழக்கே அடுத்த தீவு சும்பாவா. அங்குள்ள தம்போராவைப் பற்றி விரிவாகவே சொல்ல வேண்டும். 1815-க்கு முன் அது 4,300 மீட்டர் அளவில் இருந்த மலை. இன்று 2,850 மீட்டர். உயரத்தில் மூன்றில் ஒரு பங்கு ஒரு சில நாட்களில் போய்விட்டது. ஏப்ரல் 5-ம் தேதி முதல் வெடிச்சத்தம் கேட்டபோது நூற்றுக்கணக்கான கிலோமீட்டர் தள்ளியிருந்த ஜாவாவில் அதைப் பீரங்கிச் சத்தம் என்று நினைத்துவிட்டார்கள். அப்போது ஜாவா பிரிட்டிஷார் கையில், ஆளுநர் ஸ்டாம்ஃபோர்ட் ராஃபிள்ஸ். பக்கத்து முகாம் தாக்கப்படுகிறது என்று படைகள் கிளம்பின. ஆபத்தில் சிக்கிய கப்பலைத் தேடிப் படகுகள் போயின. ஏப்ரல் 10-ம் தேதி மாலை மலை முழுமையாக வெடித்தது. மலையடியில் இருந்த தம்போரா, பெகாட் என்ற இரண்டு சிற்றரசுகள் மக்களோடு அழிந்தன. தம்போரா மக்கள் பேசிய மொழியும் அவர்களோடு போய்விட்டது. அதற்குமுன் யாரோ எழுதி வைத்த சில டஜன் சொற்கள் மட்டும் மிச்சம். 2004-ல் சாம்பலுக்கடியில் தோண்டிய ஆய்வாளர்கள் ஒரு வீட்டையும் அதற்குள் கரிந்து கிடந்த மனித எச்சங்களையும் கண்டெடுத்தார்கள்.

வெடிப்பில் நேரடியாக இறந்தவர்களைவிடப் பின்னால் வந்த பசியிலும் நோயிலும் இறந்தவர்கள் பல மடங்கு. சும்பாவாவிலும் லொம்பொக்கிலும் வயல்கள் சாம்பலால் மூடிப்போயின. மொத்த உயிரிழப்பு எழுபதாயிரத்துக்கும் மேல் என்று மதிப்பிடுகிறார்கள். வானத்தில் மிக உயரத்துக்குப் போன கந்தக வாயு நுண்துளிகளாக மாறி உலகைச் சுற்றிப் பரவி, வெயிலைத் திருப்பி அனுப்பியது. 1816-ல் ஐரோப்பாவிலும் வட அமெரிக்காவின் கிழக்கிலும் கோடைக்காலமே வரவில்லை. அமெரிக்காவின் நியூ இங்கிலாந்தில் ஜூன் மாதம் உறைபனி விழுந்தது, சுவிட்சர்லாந்தில் பஞ்சம், சீனத்தின் யுன்னானில் நெல் விளையவில்லை. இவர்களில் யாருக்கும் காரணம் தம்போரா என்று தெரியாது. அந்தப் பெயரையே கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள்.

கிரகத்தவின் கதை நேர்மாறானது. 1883-ல் அது வெடித்தபோது கடலடித் தந்திக் கம்பிகள் போடப்பட்டிருந்தன. செய்தி விரைவிலேயே லண்டனை எட்டியது. தம்போராவைவிடச் சிறிய வெடிப்பு, ஆனால் உலகம் அறிந்தது இதைத்தான். ஆகஸ்ட் 27 காலை பத்து மணி வாக்கில் வந்த இறுதி வெடிச்சத்தம், இந்தியப் பெருங்கடலின் மறுபக்கம் 4,800 கிலோமீட்டர் தொலைவில் உள்ள ரோட்ரீக்ஸ் தீவில் கேட்டது. கிரகத்தவ் தீவின் மூன்றில் இரண்டு பங்கு கடலுக்குள் போனது. இறந்தவர்கள் அதிகாரப்பூர்வக் கணக்கில் 36,417 பேர். பெரும்பாலானவர்களைக் கொன்றது நெருப்பில்லை, முப்பது மீட்டருக்கும் மேல் எழுந்து, ஜாவாவுக்கும் சுமாத்ராவுக்கும் இடையிலுள்ள சுந்தா நீரிணையின் இரு கரைகளிலும் ஏறிய அலை. அந்த அலையின் மிச்சம் நம் கரைக்கும் வந்தது. சென்னையிலும் நாகப்பட்டினத்திலும் இருந்த கடல்மட்ட அளவிகள் அன்று அதைப் பதிவு செய்தன. இலங்கையின் காலி துறைமுகத்தில் தண்ணீர் உள்வாங்கித் திரும்பியதைப் பார்த்தவர்கள் எழுதி வைத்திருக்கிறார்கள். 2004 டிசம்பரில் அதே கரைகளுக்கு அதே திசையிலிருந்து சுனாமி வந்தபோது, அந்த 1883 பதிவு யார் நினைவிலும் இல்லை. அதை நினைத்தால் எனக்கு இன்றும் ஆறவில்லை.

கிரகத்தவ் இருந்த இடத்தில் 1927-ல் கடலுக்குள்ளிருந்து புதிய எரிமலை தலைகாட்டியது. அனாக் கிரகத்தவ், கிரகத்தவின் பிள்ளை. அது வளர்ந்து 338 மீட்டர் வரை போனது. 2018 டிசம்பர் 22 இரவு அதன் ஒரு பக்கம் அப்படியே கடலில் சரிந்தது. அலை எழுந்து சுந்தா நீரிணைக் கரைகளில் நானூறுக்கும் மேற்பட்டோரைக் கொன்றது. நாட்டில் சுனாமி எச்சரிக்கை அமைப்பு இருந்தது. ஆனால் அது நிலநடுக்கத்தை வைத்து இயங்கும் அமைப்பு. மலை சரிந்து வரும் சுனாமிக்கு முன்னால் பெரிய நிலநடுக்கம் எதுவும் வராததால் எச்சரிக்கை ஒலிக்கவே இல்லை. சரிந்தபின் மிஞ்சிய மலையின் உயரம் ஏறக்குறைய 110 மீட்டர்.

இப்போது கெலுட். அதன் உச்சியில் ஒரு ஏரி இருந்தது. 1919 மே மாதம் வெடித்தபோது அந்தத் தண்ணீர் முழுவதும் சூடாகி, சாம்பலோடும் பாறையோடும் கலந்து, கொதிக்கும் சேறாகப் பள்ளத்தாக்குகளில் பாய்ந்தது. இப்படிப்பட்ட சேற்றுவெள்ளத்துக்கு லஹார் என்று பெயர். மரம், வீடு, பாலம் எதுவும் நிற்காது. ஐயாயிரத்துச் சொச்சம் பேர் போனது அதில்தான். அடுத்த ஆண்டே டச்சு அரசு எரிமலைகளைக் கண்காணிக்கத் தனித்துறை ஒன்றை அமைத்தது. இன்றைய இந்தோனேசிய எரிமலை ஆய்வுத்துறையின் வேர் அதுதான்.

அதன் பொறியாளர்கள் ஒரு துணிச்சலான வேலையில் இறங்கினார்கள். வெடிப்பைத் தடுக்க முடியாது, ஆனால் தண்ணீரைக் குறைக்கலாமே என்று மலையைக் குடைந்து சுரங்கங்கள் வெட்டி ஏரியை வடியவிட்டார்கள். 1920-களில் அந்த வேலை முடிந்தது. ஏறக்குறைய நான்கு கோடி கன மீட்டர் இருந்த ஏரியில் இருபது லட்சம் அளவுக்கே மிஞ்சியது. 1951-ல் கெலுட் மறுபடி வெடித்தபோது இறந்தவர்கள் ஏழு பேர். ஐயாயிரம் எங்கே, ஏழு எங்கே! ஆனால் அந்த வெடிப்பு சுரங்கத்தைச் சிதைத்து, பள்ளத்தையும் ஆழமாக்கிவிட்டது. ஏரி மறுபடி நிறையத் தொடங்கியது. சரியான ஆழத்தில் புதிய சுரங்கம் வெட்டுவதற்குள் 1966 வந்துவிட்டது. இந்தமுறை இருநூறுக்கும் மேற்பட்டோர். அதன்பிறகு தாழ்வான சுரங்கம் வெட்டி முடித்தார்கள். 2014 பிப்ரவரி 13 இரவு வெடிப்பதற்கு ஏறக்குறைய ஒன்றரை மணி நேரம் முன்னதாக அபாய எச்சரிக்கை உச்சநிலைக்கு உயர்த்தப்பட்டது. ஒரு லட்சம் பேர் அளவுக்கு வெளியேறினார்கள். உயிரிழப்பு ஒற்றை இலக்கத்தில் நின்றது. மனிதன் ஒரு எரிமலையோடு இவ்வளவு பொறுமையாக, தலைமுறை தலைமுறையாக வேலை செய்த வேறு இடம் எனக்குத் தெரியாது. உலகப்புகழ் கிரகத்தவுக்கும் தம்போராவுக்கும் போய்விட்டது. பாடம் கெலுட்டில்தான் இருக்கிறது.

ஆபத்து என்று தெரிந்தும் மக்கள் ஏன் அங்கே இருக்கிறார்கள் என்று கேட்கத் தோன்றும். மண்தான் பதில். எரிமலைச் சாம்பல் சிதைந்து உண்டாகும் மண்ணில் பொட்டாசியமும் பாஸ்பரஸும் நிறைய. மலையில் மழையும் குறையாமல் பெய்யும். நாட்டின் நிலப்பரப்பில் ஏழு சதவீதம் மட்டுமே உள்ள ஜாவாவில் பாதிக்கும் மேற்பட்ட மக்கள், பதினைந்து கோடிக்கும் அதிகமானவர்கள், வாழ்கிறார்கள். எரிமலையே இல்லாத கலிமந்தான் பல மடங்கு பெரியது, ஆட்கள் குறைவு. எரியும் மலைக்குப் பயந்து ஓடுவது என்றால் சோற்றை விட்டு ஓடுவது.

மெராபியின் சரிவில் இது கண்கூடு. யோக்யகார்த்தா நகரத்துக்கு வடக்கே நிற்கும் இந்த மலையின் சாம்பல் பல நூற்றாண்டுகளாக அந்தச் சமவெளியை மூடி வந்திருக்கிறது. 1966-ல் சம்பிசாரி கிராமத்தில் நிலத்தைக் கொத்திக்கொண்டிருந்த விவசாயியின் மண்வெட்டி செதுக்கிய கல் ஒன்றில் பட்டது. தோண்டிப் பார்த்தால் ஆறரை மீட்டர் எரிமலை மண்ணுக்கடியில் முழுச் சிவன் கோயில். வடக்கு மாடத்தில் துர்க்கை, கிழக்கே பிள்ளையார், தெற்கே அகத்தியர். நம் கோயில்களில் தட்சிணாமூர்த்தி இருக்கும் தெற்கு மாடத்தை ஜாவாவின் சிவன் கோயில்கள் அகத்தியருக்குத்தான் கொடுத்திருக்கின்றன. இன்றும் அந்தக் கோயிலுக்குள் போக, தரைமட்டத்திலிருந்து கீழே இறங்க வேண்டும்.

2010 அக்டோபர் 26-ல் மெராபி வெடிக்கத் தொடங்கியது. யோக்யகார்த்தா சுல்தானின் சார்பில் மலைக்குக் காவலராக இருந்த முதியவர் மரிஜான், ஊரை விட்டு இறங்க மறுத்து, முதல் நாளே சூடான சாம்பல் மேகத்தில் இறந்தார். அவரை மூடநம்பிக்கைக்காரர் என்று எழுதிவிட்டுப் போவது எளிது. 2006-லும் அவர் இறங்க மறுத்தார், அப்போது மலை அவரை விட்டுவிட்டது என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். அவரை நம்பியவர்கள் ஏன் நம்பினார்கள் என்பது அப்போது விளங்கும். நவம்பர் 5-ம் தேதி நள்ளிரவு தாண்டி வந்ததுதான் பெரிய வெடிப்பு. செயற்கைக்கோள் ரேடார் படங்களில் உச்சியில் குழம்புமேடு வேகமாக வளர்வதைப் பார்த்த அறிவியலாளர்கள், அபாய எல்லையை 20 கிலோமீட்டராக விரித்தார்கள். நாலு லட்சம் பேர் வரை இடம்பெயர்ந்தார்கள். முந்நூற்றைம்பதுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள் என்றாலும், பத்தாயிரம் முதல் இருபதாயிரம் உயிர்கள் தப்பியதாக மதிப்பீடு. முகாமிலிருந்து பலர் திரும்பிப் போனதன் காரணம் என்ன தெரியுமா? மாடுகளுக்குத் தீவனம் போட. கடைசியில் மாடுகளை விலைகொடுத்து வாங்கிக்கொள்கிறோம் என்று அரசு அறிவிக்க வேண்டியிருந்தது. ஒரு மனிதரை வெளியேற்றுவது என்றால் அவருடைய மாட்டையும் சேர்த்துத்தான் கணக்குப் போட வேண்டும்.

நம்பிக்கையும் மலையும் பின்னிக் கிடக்கும் இடங்கள் இன்னும் உண்டு. செமெருவுக்கு மகாமேரு என்றும் பெயர். ஆடிக்கொண்டிருந்த ஜாவாவை அசையாமல் நிறுத்த தேவர்கள் மேருமலையை ஜம்புத்தீவிலிருந்து தூக்கி வந்தார்கள், வழியில் உதிர்ந்த துண்டுகள்தான் மற்ற மலைகள் என்பது பழங்கதை. அருகில் உள்ள புரோமோவின் வாய்க்குள் தெங்கர் மக்கள் ஆண்டுதோறும் கசடா விழாவில் காய்கறியும் கோழியும் காணிக்கையாக வீசுகிறார்கள். பாலியின் அகுங் மலை 1963-ல் வெடித்தபோது, அதன் சரிவில் உள்ள பெசாகி கோயிலில் நூறாண்டுக்கு ஒருமுறை நடக்கும் ஏகாதச ருத்ர வழிபாடு நடந்துகொண்டிருந்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். குழம்பு கோயிலைத் தொடாமல் விலகிப் போனது. வழிபாட்டை 1979-ல் மறுபடி செய்தார்கள்.

கவலை தருபவை ஓயாமல் புகையும் மலைகள் அல்ல. அவற்றின்மேல் எப்போதும் கண் இருக்கிறது. வடக்கு சுமாத்ராவின் சினாபுங் 1600-க்குப் பிறகு வெடித்ததாகப் பதிவே இல்லாததால், தொடர்ந்து கண்காணிக்க வேண்டிய மலைகளின் பட்டியலில் அது இல்லாமல் இருந்தது. 2010 ஆகஸ்டில் திடீரென்று விழித்தது. பின்னர் பல ஆண்டுகள் ஓயாமல் கக்கியதில் சில கிராமங்கள் நிரந்தரமாக வேறு இடத்துக்குப் போக வேண்டியதாயிற்று.

மேற்கு சுமாத்ராவின் மராபி இன்னொரு விதம். பெயர் ஜாவாவின் மெராபி போலவே இருந்தாலும் வேறு மலை. 2023 டிசம்பர் 3 அன்று உச்சிப் பகுதியில் மலையேறிகள் இருந்தபோது வெடித்து 24 பேரைக் கொன்றது. அப்போது அதன் எச்சரிக்கை நிலை நான்கில் இரண்டு. எரிமலைவாயிலிருந்து 3 கிலோமீட்டருக்குள் யாரும் போகக் கூடாது என்ற அறிவுறுத்தலும் அமலில் இருந்தது. நீராவி அழுத்தத்தால் வரும் இப்படிப்பட்ட வெடிப்புகளுக்கு முன் நம்பத்தக்க அறிகுறி கிடைப்பது அரிது. அதனால்தான் இரண்டாம் நிலையிலேயே அந்த எல்லையைப் போடுகிறார்கள். எரிமலை ஆய்வாளர்கள் ஒரு துறையில், மலையேற அனுமதிச் சீட்டு கொடுப்பவர்கள் இன்னொரு துறையில். முதல் துறை வரைந்த கோடு இரண்டாம் துறையின் சீட்டில் இல்லாதவரை உயிரிழப்பு தொடரும். கெலுட்டில் மலையைக் குடையத் தெரிந்த நாட்டுக்கு, இந்த இரண்டு மேசைகளையும் இணைப்பது முடியாத காரியம் இல்லை.